தகுதி ஒன்று, தேர்வு வேறு: குமரிக் கல்லூரி ஆசிரியர் நியமனமும் நீதிமன்றமும்

குமரி மாவட்டத்தில் அரசு உதவிபெறும் கல்லூரி ஒன்றில் ஆசிரியராகச் சேர்பவரின் கோப்பு மூன்று வாசல்களைத் தாண்ட வேண்டும். நிர்வாகம் ஆளைத் தேர்ந்தெடுக்கும். மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகம் கல்வித் தகுதியை ஏற்கும். கல்லூரிக் கல்வித் துறை ஒப்புதல் தந்தால்தான் அரசுச் சம்பளம். எந்த வாசலில் கோப்பு முடங்கினாலும் அடுத்த வழி ரிட் மனு. 2004 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை திறக்கப்படும்வரை அதற்கும் சென்னைக்கே போக வேண்டியிருந்தது.

‘தகுதி’ என்ற சொல் இங்கே இரண்டு வேலை செய்கிறது. விண்ணப்பிக்கத் தேவையான குறைந்தபட்சப் படிப்பு ஒன்று. அந்தப் படிப்புள்ள பலரில் ஒருவரைப் பொறுக்குவது இன்னொன்று. நீதிமன்றங்கள் முதலாவதை இறுக்கிக்கொண்டே வந்தன. இரண்டாவதில் அவ்வளவாகக் கைவைக்கவில்லை.

வேலை யாருக்கு என்ற வழக்கு இந்த மண்ணுக்குப் பழையது. குமரியின் நாஞ்சில் நாடு திருவிதாங்கூரில் இருந்த காலத்தில், 1891இன் மலையாளி மெமோரியல், 1896இன் ஈழவ மெமோரியல் ஆகிய மனுக்கள் அரசுப் பதவிகளில் நடந்த ஒதுக்கலைத்தான் எதிர்த்தன. 1956இல் குமரி தமிழகத்தோடு இணைந்தது. 1893 முதல் இயங்கிவந்த ஸ்காட் கிறிஸ்தவக் கல்லூரி, 1952இல் தொடங்கிய தென் திருவிதாங்கூர் இந்துக் கல்லூரி ஆகியவற்றுடன் 1960களில் மார்த்தாண்டம் நேசமணி நினைவுக் கல்லூரி, நாகர்கோவில் ஹோலி கிராஸ் கல்லூரி போன்றவை சேர்ந்தன. இவற்றின் நியமனங்களை ஒழுங்குபடுத்த 1976இல் தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டம் வந்தது.

1991இல் பல்கலைக்கழக மானியக் குழு (யுஜிசி) கல்லூரி ஆசிரியர்களுக்கு ‘நெட்’ எனும் தேசியத் தகுதித் தேர்வைக் கட்டாயமாக்கியது. பிறகு விதி ஆடிக்கொண்டே இருந்தது. 2006இல் எம்.ஃபில். பட்டதாரிகளுக்கு இளநிலை வகுப்பெடுக்க விலக்கு. 2009இல் அது பறிபோனது. புதிய நெறிப்படி பெற்ற முனைவர் பட்டம் மட்டுமே ‘நெட்’டுக்கு ஈடானது. பழைய பட்டத்தை நம்பியிருந்தவர்கள் நீதிமன்றம் போனார்கள். பி.சுசீலா வழக்கில் 2015 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் யுஜிசி பக்கம் நின்றது. விலக்கு என்றும் நீடிக்கும் என்ற எதிர்பார்ப்பு உரிமையாகாது என்பதே அதன் சாரம். அடுத்த ஆண்டே யுஜிசி, 2009 ஜூலைக்கு முன் முனைவர் பட்டத்துக்குப் பதிவு செய்தவர்களுக்கு நிபந்தனைகளோடு கதவைத் திறந்தது. வழக்கில் தோற்றவர்கள் பலருக்கு விதித் திருத்தத்தில் வழி பிறந்தது.

ஆளைத் தேர்ந்தெடுப்பதன் கதை வேறு. சிறுபான்மைக் கல்லூரிகள் அதிகமுள்ள குமரிக்கு அது மிகவும் நெருக்கமானது. 2002இல் டி.எம்.ஏ. பை வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் பதினொரு நீதிபதிகள் அமர்ந்து தனியார், சிறுபான்மைக் கல்வி நிறுவனங்களின் நிர்வாக உரிமையின் எல்லையை வகுத்தனர். 2006இல் மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில், கேரளப் பல்கலைக்கழகச் சட்டத்தின் பணிமூப்பு விதி சிறுபான்மை நிர்வாகத்தைக் கட்டுப்படுத்தாது என்றது உச்ச நீதிமன்றம். உரிய படிப்பும் அனுபவமும் உள்ளவரை முதல்வராக அமர்த்த நிர்வாகத்துக்கு உரிமை உண்டு, அரசு நிதி பெறுவதால் அது போய்விடாது. யுஜிசியின் 2018 விதிகள் கூறும் தேர்வுக்குழு சிறுபான்மைக் கல்லூரிகளைக் கட்டுப்படுத்தாது எனச் சென்னை உயர் நீதிமன்றம் 2025இல் தீர்ப்பளித்தது.

அரசுக் கல்லூரிகளிலோ நடைமுறை எதிர்த்திசையில் போயிற்று. ஆசிரியர் தேர்வு வாரியம் 2019இல் மொத்த மதிப்பெண் 34இல் 15ஐக் கற்பித்தல் அனுபவத்துக்கும் 10ஐ நேர்காணலுக்கும் வைத்திருந்தது. 2024இல் 4,000 இடங்களுக்கான அறிவிப்பில் எழுத்துத் தேர்வு முன்னுக்கு வந்தது. ஆக, ஒரே முனைவர் பட்டத்தோடு நாகர்கோவிலில் நிற்கும் ஒருவர் அரசுக் கல்லூரிக்கு வினாத்தாளையும், சிறுபான்மைக் கல்லூரிக்கு அந்த நிர்வாகம் அமைக்கும் குழுவையும் எதிர்கொள்கிறார்.