சுங்கத்துறையும் பல்கலைக்கழகமும்: மெல்வில், வாரன்

ஹெர்மன் மெல்வில் (1819–1891), ராபர்ட் பென் வாரன் (1905–1989) இருவரும் நாவலிலும் கவிதையிலும் இயங்கிய அமெரிக்கர்கள். இவர்களைச் சேர்த்துப் படிக்க வாரனே வழி திறந்துவைத்தார். மெல்வில்லின் கவிதைகளைத் தேர்ந்தெடுத்து 1970இல் பதிப்பித்தவர் அவர்.

கடல் ஒருவருக்கு வாய்த்தது, மற்றவருக்குக் கைநழுவியது. தந்தை கடனோடு இறந்துபோக, சில்லறை வேலைகளில் அலைந்த மெல்வில் 1841இல் திமிங்கில வேட்டைக் கப்பலில் ஏறினார். கென்டக்கியில் பிறந்த வாரனுக்குக் கடற்படை அதிகாரியாகும் ஆசை. தம்பி எறிந்த நிலக்கரித் துண்டு கண்ணைத் தாக்கியதால் அது நிறைவேறவில்லை. பதினாறு வயதில் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். ஒருவர் எழுத்துக்குக் கப்பல் வழியாக வந்தார், மற்றவர் வகுப்பறை வழியாக.

மெல்வில்லின் பயணம் நாவலிலிருந்து கவிதைக்கு. ‘டைப்பி’ (1846) தந்த புகழ் ‘மோபி டிக்’ (1851) வந்தபோது நீடிக்கவில்லை. 1857க்குப் பிறகு அவர் உயிரோடிருந்தவரை புதிய நாவல் எதுவும் அச்சேறவில்லை. உள்நாட்டுப் போரைப் பற்றிய கவிதைத் தொகுப்பு வெளிவந்த 1866ஆம் ஆண்டின் இறுதியில், நியூயார்க் துறைமுகத்தில் சுங்க ஆய்வாளராகச் சேர்ந்தார். நாளொன்றுக்கு 4 டாலர் கூலி; 19 ஆண்டு உழைப்பு. ஏறத்தாழ 18,000 அடிகள் கொண்ட ‘கிளாரல்’ (1876) அந்தக் காலத்தில்தான், மாமாவின் பண உதவியால் வெளிவந்தது. கடைசி இரு கவிதை நூல்களையும் 25 படிகள் மட்டுமே அச்சிட்டுக்கொண்டார்.

வாரன் கவிஞராகத் தொடங்கியவர். லூசியானாவில் பேராசிரியராக இருந்தபோது, அம்மாநில அரசியலை ஆட்டிவைத்த ஹ்யூயி லாங் 1935இல் சுடப்பட்டு இறந்தார். அந்த அரசியல் சூழலில் முளைத்த ‘ஆல் தி கிங்ஸ் மென்’ (1946) நாவல் புலிட்சர் பரிசு பெற்றது. இடையில் பத்தாண்டுக் காலம் ஒரு சிறு கவிதையைக்கூட முடிக்க இயலாமல் இருந்தவர், பிறகு கவிதைக்காக 1958லும் 1979லும் அதே பரிசை வென்றார். இரு வகையிலும் அதைப் பெற்றவர் அவர் ஒருவரே.

தோற்றவர், வென்றவர் என்று இதோடு முடித்துவிடலாம். ஆனால் இருவரின் பட்டறையும் வேறு கதை சொல்கிறது. வாரனின் நாவல் முதலில் செய்யுள் நாடகம். அதில் பெயரில்லாமல் வந்துபோன பத்திரிகையாளர், நாவலில் ஜாக் பர்டன் என்ற கதைசொல்லியாக வளர்ந்தார். மெல்வில்லின் ‘பில்லி பட்’ ஒரு பாடலுக்கு முன்குறிப்பாக எழுதிய உரைநடையிலிருந்து பெருகியது, 1924இல்தான் அச்சானது. இரண்டுக்கும் விதை செய்யுள். வாரன் செய்யுளை உதறிவிட்டு நாவலுக்குப் போனார்; மெல்வில் அந்தப் பாடலையே கதையின் முடிவாக வைத்தார்.

இருவரையும் பிரிப்பது திறமையை விட, அவர்களுக்குச் சோறு போட்ட இடம். சுங்கத்துறை மெல்வில்லுக்குச் சம்பளம் தந்தது. சந்தையை மறந்து எழுத அதுவே போதுமானதாக இருந்தது. பல்கலைக்கழகம் வாரனுக்குச் சம்பளத்தோடு சகாக்களையும் இதழையும் வாசகர்களையும் சேர்த்துத் தந்தது. அந்தச் சகாக்களில் ஒருவரான கிளியந்த் புரூக்ஸுடன் அவர் எழுதிய ‘அண்டர்ஸ்டாண்டிங் பொயட்ரி’ (1938), கவிதையை வரிவரியாக நின்று படிக்க மாணவர்களைப் பழக்கியது. மெல்வில்லின் முரட்டு, முடிச்சு நடைக்குத் தேவைப்பட்டவர்கள் அத்தகைய வாசகர்களே. அவர் காலத்தில் அவர்கள் இல்லை. அவர்களை உருவாக்கியதில் வாரனுக்குப் பங்குண்டு.