ஆயர் காத்த பழங்கதைகள்

சென்ற மாதத்தில் ஒரு ஞாயிறு. மறைக்கல்வி வகுப்பு முடிந்து பிள்ளைகள் கலைந்த பின்னும் ஒரு சிறுவன் மட்டும் தயங்கி நின்றான். அவன் கையில் பள்ளி நூலகத்து ஆங்கில நூல் ஒன்று. ரிக் ரியோர்டன் என்னும் அமெரிக்க எழுத்தாளர் 2015ல் தொடங்கிய 'மேக்னஸ் சேஸ்' வரிசையின் முதல் நூல் அது. வட ஐரோப்பாவின் பழந்தேவர்களை இக்காலத்து நகரத் தெருக்களில் உலவவிடும் கதை. "சாமி, இதில் ஓடின், தோர், லோக்கி என்று தேவர்கள் வருகிறார்கள். படித்தால் பாவமா? அம்மா கோபிக்கிறார்கள்" என்று கேட்டான்.

நாம் உடனே விடை சொல்லவில்லை. நூலை வாங்கிப் புரட்டிப் பார்த்துவிட்டு, அடுத்த ஞாயிறு சொல்வதாகக் கூறி அனுப்பினோம். இதே கேள்விக்கு முன்னொரு நாள் நாம் மிக விரைவாக விடை சொல்லிவிட்டவர்கள். அந்த விரைவுக்கு நாம் கொடுத்த விலையை நினைத்தே இக்கட்டுரையை எழுதுகிறோம்.

அமானுடக் கதைகள் மீதுள்ள விருப்பம் தொலைக்காட்சியோடு வந்தது என்று எண்ணுவோர் உளர். காரைக்குடிக்காரர் அப்படி எண்ணலாகாது. இந்நகரில் பிறந்த ஏ.வி. மெய்யப்பன் அவர்கள் போர்க்காலச் சென்னையின் மின்சாரத் தட்டுப்பாட்டால் தம் படப்பிடிப்பு நிலையத்தை இங்கே தேவகோட்டை ரஸ்தாவில் அமைத்தார். கீற்றுக் கொட்டகைகளே அன்று அரங்குகள். 'நாம் இருவர்' உருவானதும், பம்மல் சம்பந்த முதலியாரின் நாடகத்தைத் தழுவிய 'வேதாள உலகம்' உருவானதும் அங்கேதான். 1948ல் தமிழ்நாடு கண்டு களித்த பேய்களும் பூதங்களும் செட்டிநாட்டுச் செம்மண்ணில் எழுந்தவை என்பதை இன்று எத்தனை பேர் அறிவர்?

அரை நூற்றாண்டு கழிந்தது. மதுரை எழுத்தாளர் இந்திரா சௌந்தர்ராஜனின் 'மர்மதேசம்' வரிசை சின்னத்திரைக்கு வந்தது. அதில் 1997லும் 1998லும் ஒளிபரப்பான 'விடாது கருப்பு' நம் பகுதியையே ஆட்டி வைத்தது எனலாம். இயக்குநர் நாகா, தயாரித்தது கே. பாலசந்தரின் மின்பிம்பங்கள் நிறுவனம். ஊர்க் காவல் தெய்வமான கருப்பர் குதிரையேறி வந்து குற்றவாளிகளைத் தண்டிப்பதாக ஊரே நம்புகிறது. இறுதியில் அக்கொலைகளின் பின்னே ஒரு மனிதனின் பிளவுண்ட மனம் இருப்பது தெரியவருகிறது. ஆயினும் எல்லாப் புதிரையும் அவிழ்த்துவிட்டதாகக் கதை பெருமையடித்துக் கொள்வதில்லை. அதன் ஆசிரியர் 2024 நவம்பரில் மறைந்தபோது, நம் பங்கிலும் பலர் அத்தொடரை நினைவுகூர்ந்து பேசியதைக் கேட்டோம்.

அத்தொடர் ஒளிபரப்பான நாட்களில் நாம் குருமட வாழ்வின் இறுதியில் இருந்தோம். ஒரு பங்கு இல்லத்தில், ஊர்ப் பிள்ளைகள் சூழ அதைக் கண்டோம். திரையில் குதிரையின் குளம்பொலி எழுந்தது. பிள்ளைகள் ஒருவரையொருவர் நெருங்கி உட்கார்ந்தார்கள். நமக்கோ வேறொரு முற்றமும் வேறொரு குரலும் நினைவுக்கு வந்தன.

அது நம் அப்பத்தாவின் குரல். தலைமுறை தலைமுறையாகத் திருமுழுக்குப் பெற்ற குடும்பம் நமது. அப்பத்தா நாள் தவறாமல் செபமாலை சொல்வார். சொல்லி முடித்துச் செபமாலையைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, பேரப்பிள்ளைகளுக்குக் கருப்பர் கதை சொல்வார். அவர் அதில் முரண் எதுவும் கண்டதில்லை. 1993ல் இறையியல் மாணவராக விடுமுறைக்கு வந்திருந்தோம். முதற் கட்டளையைப் பற்றிப் பாடம் கேட்ட சூடு ஆறாத காலம். அப்பத்தா சொல்லிக்கொண்டிருந்தார்: ஒரு கைம்பெண் தன் காசுமாலையைப் பக்கத்து வீட்டுக்காரனிடம் பத்திரமாக வைத்திருக்கக் கொடுத்தாள். திரும்பக் கேட்டபோது, வாங்கவே இல்லை என்றான் அவன். கருப்பர் கோயில் வாசலில் சூடம் அணைத்துச் சத்தியமும் செய்தான். அன்றிரவு ஊரடங்கிய பின் தெருமுனையில் குளம்பொலி கேட்டது. ஒவ்வொரு வீடாகக் கடந்து வந்தது. பிறகு நின்றது.

அந்த இடத்தில் நாம் குறுக்கிட்டோம். "வேதக்காரப் பிள்ளைகளுக்கு இந்தக் கதை எதற்கு, அப்பத்தா? இனிச் சொல்லாதீர்கள்" என்றோம். அதுவரை நம்மை 'அய்யா' என்று அழைத்து வந்தவர், தலையைத் தாழ்த்தி, "சரிங்க சாமி" என்றார். மூன்று ஆண்டுகள் கழித்து அவர் இறக்கும் வரை ஒரு கதையும் சொல்லவில்லை. குதிரை யார் வாசலில் நின்றது, கருப்பர் என்ன கேட்டார், காசுமாலை அந்தக் கைம்பெண்ணிடம் திரும்பியதா என்பவை நமக்குத் தெரியாது. உறவினரில் எவருக்கும் தெரியவில்லை.

இனி அச்சிறுவனின் நூலுக்கு வருவோம். ஓடினும் தோரும் அவன் கைக்கு எப்படி வந்து சேர்ந்தார்கள்? இதைத் தேடப் புகுந்த நமக்கு வரலாறு ஒரு வியப்பை வைத்திருந்தது.

அத்தேவர்களைத் திருச்சபை எளிதில் வென்றுவிடவில்லை. கி.பி. 723 அளவில், செருமானிய நாட்டுக் கைஸ்மார் என்னுமிடத்தில், தோரின் பெயரால் வணங்கப்பட்ட கருவாலி மரத்தைப் புனித போனிப்பாசு வெட்டி வீழ்த்தினார். அம்மரத்தைக் கொண்டே புனித பேதுருவின் பெயரில் சிற்றாலயம் எழுப்பினார். 793ல் அத்தேவர்களை வணங்கிய வடநாட்டுக் கடலோடிகள் இங்கிலாந்தின் லின்டிஸ்பார்ன் தீவுத் துறவுமடத்தைச் சூறையாடித் துறவியரைக் கொன்றார்கள். நான்கு ஆண்டுகள் கழித்து, அல்குயின் என்னும் பேரறிஞர் ஆயர் ஒருவருக்கு மடல் எழுதினார். குருக்கள் உணவருந்தும் வேளையில் யாழிசைப்போர் பாடும் இங்கெல்டு முதலிய பழைய வீரர் கதைகள் கேட்கலாகாது, மறைநூல்தான் கேட்க வேண்டும், அவ்வீரருக்கும் கிறிஸ்துவுக்கும் என்ன உறவு என்று கடிந்துகொண்டார். காயம் ஆறாத காலம். அவர் சினத்தில் நியாயம் உண்டு. 1993ல் நாம் பேசியதும் அல்குயினின் குரலில்தான். ஆனால் நம் அப்பத்தா எந்த மடத்தையும் சூறையாடவில்லையே!

ஐஸ்லாந்துத் தீவில் வரலாறு வேறு திசையில் நடந்தது. கி.பி. 1000 அளவில் அந்நாட்டுப் பொது மன்றம் இரு சமயத்தாராகப் பிளந்து போருக்கு நின்றது. தீர்ப்புச் சொல்லும் பொறுப்பு, பழைய சமயத்தவரான தோர்கெய்ர் என்னும் சட்ட உரைஞரிடம் விடப்பட்டது. அவர் ஒரு பகலும் ஓர் இரவும் போர்வைக்குள் படுத்துச் சிந்தித்து எழுந்தார். ஒரே சட்டம், ஒரே சமயம், அது கிறிஸ்தவம் என்றார். நாடு போரின்றித் திருமுழுக்குப் பெற்றது.

இருநூறு ஆண்டுகளுக்குப் பின், ஸ்நோரி ஸ்டுர்லுசன் என்னும் கிறிஸ்தவத் தலைவர் ஒரு குறை கண்டார். இளங்கவிஞர்களுக்குப் பழம்பாடல்கள் புரியவில்லை. தேவர் கதைகளை அறியாதவருக்கு அப்பாடல்களின் உவமைகள் பூட்டிய பெட்டிகள். எனவே 1220 அளவில் அவர் 'எட்டா' என்னும் நூலை எழுதி, ஓடின் ஞானத்துக்காக ஒரு கண்ணைக் கொடுத்ததையும், பால்டரின் சாவையும், தேவர்களே அழியும் இறுதிப் போரையும் உரைநடையில் பதிவு செய்தார். கிறிஸ்தவர்கள் இத்தேவர்களை நம்பலாகாது. ஆனால் இக்கதைகளை மறதியில் தள்ளவும் கூடாது என்பது அவர் அந்நூலில் தரும் அறிவுரையின் சாரம். நம்ப வேண்டாம், மறக்கவும் வேண்டாம். குருமடத்தில் நாம் பாதியைத்தான் கற்றோம்.

ஸ்நோரி 1241ல் நார்வே மன்னரின் ஆட்களால் தம் வீட்டு நிலவறையில் கொல்லப்பட்டார். நூல் பிழைத்தது. பின்னர் 1643ல், பழைய தேவர் பாடல்கள் அடங்கிய கன்றுத்தோல் சுவடி ஒன்று ஸ்கால்ஹோல்ட் நகர ஆயரின் கைக்கு வந்தது. லூத்தரன் சபை ஆயரான பிரின்யோல்பர் ஸ்வைன்சன் அதை எரிக்கவில்லை. போற்றிக் காத்து, 1662ல் டென்மார்க் மன்னருக்கு அனுப்பிவைத்தார். 1270 அளவில் எழுதப்பட்ட அச்சுவடி 1971ல் தாயகம் திரும்பியது. வானூர்தி விபத்துக்குள்ளானால் என்ன செய்வது என்றஞ்சிக் கப்பலில் கொண்டுவந்தார்கள். துறைமுகத்தில் மக்கள் திரண்டு நின்று வரவேற்றார்கள். இன்று அதில் எஞ்சியுள்ளவை 45 தாள்கள். நடுவே, சிகுர்து என்னும் வீரனின் கதையில், 8 தாள்கள் இல்லை. அவற்றில் என்ன இருந்தது என்று அறிஞர்கள் இன்றும் ஆராய்கிறார்கள். அவர்களுக்கு எட்டுத் தாள். நமக்கு ஒரு குதிரை நின்ற வாசல்.

பிற சமயத்தார் கதையில் கிறிஸ்தவருக்கு என்ன கிடைக்கும் என்று கேட்கலாம். டைர் என்னும் தேவனின் கதையைப் பாருங்கள். ஃபென்ரிர் என்னும் ஓநாயைக் கட்ட வேண்டும். கட்டு விளையாட்டுக்குத்தான் என்பதற்கு ஈடாக எவரேனும் தம் கையை என் வாயில் வைக்க வேண்டும் என்கிறது ஓநாய். அது பொய் ஈடு என்று எல்லாத் தேவர்களுக்கும் தெரியும். டைர் மட்டுமே முன்வந்து வலக்கையை இழக்கிறான். பொய்ச் சத்தியத்துக்கு எவரேனும் விலை கொடுத்தே தீர வேண்டும் என்கிறது அக்கதை. நம் அப்பத்தாவின் கதையும் அதைத்தானே சொல்ல வந்தது? கொடுக்கல் வாங்கலில் வாய்ச்சொல்லையே பத்திரமாகக் கொண்டு வாழ்ந்த செட்டிநாட்டில், அதைவிடப் பொருத்தமான மறைக்கல்வி ஏது?

இதை நன்கு உணர்ந்தவர் டோல்கியன். தாய் 1904ல் இறந்தபின், பர்மிங்காம் ஓரட்டரியின் பிரான்சிஸ் மார்கன் என்னும் குருவின் பாதுகாப்பில் வளர்ந்த கத்தோலிக்கர் அவர். 1937ல் வெளிவந்த தம் 'ஹாபிட்' நூலின் குள்ளர் பெயர்களையும், கண்டால்ஃப் என்ற பெயரையும் அவர் ஐஸ்லாந்துப் பழம்பாடலிலிருந்தே எடுத்தார். வடநாட்டுக் கதைகளில் மயங்கி, கடவுள் நம்பிக்கையை இழந்து மீண்டிருந்த நண்பர் சி.எஸ். லூயிசோடு 1931 செப்டம்பர் இரவொன்றில் அவர் நெடுநேரம் உரையாடினார். இறந்து எழும் தேவனைப் பற்றிய பழங்கதைகள் உள்ளத்தைத் தொடுவது ஏன்? கிறிஸ்துவில் அக்கதை வரலாறாகவே நிகழ்ந்தது என்பதாலன்றோ? சில நாட்களில் லூயிஸ் கிறிஸ்துவை ஏற்றார். பால்டரின் கதை அவரைத் தடுக்கவில்லை. வழியில் ஒரு கைகாட்டியாக நின்றது.

இது புதுமையன்று. தூய பவுல் ஏதென்சு நகரின் அரயோப்பாகு மன்றத்தில் கிரேக்கக் கவிஞரின் சொல்லையே எடுத்தாண்டதைத் திருத்தூதர் பணிகள் 17ஆம் அதிகாரம் கூறுகிறது. இரண்டாம் நூற்றாண்டில் புனித ஜஸ்டின், வார்த்தையானவரின் விதைகள் எங்கும் தூவப்பட்டுள்ளன என்றார். இரண்டாம் வத்திக்கான் சங்கமும் மறைபரப்புப் பணி பற்றிய 1965ஆம் ஆண்டு ஏட்டில், பிற மக்களின் மரபுகளில் மறைந்துள்ள அவ்விதைகளை மகிழ்வோடு கண்டறியப் பணித்தது. இவற்றையெல்லாம் தேர்வுக்காகப் படித்தோம். அப்பத்தாவின் முற்றத்துக்கு அவை பொருந்தும் என்று அன்று தோன்றவில்லை.

நம் மாவட்டம் நமக்கு இன்னொரு பாடமும் கற்பித்திருக்கலாம். வால்மீகியின் கதையைத் தமிழில் தன் வழியில் சொன்ன கம்பனின் சமாதி நாட்டரசன்கோட்டையில் இருப்பதாகப் போற்றுகிறோம். அவர் பெயரால் சா. கணேசன் அவர்கள் 1939ல் காரைக்குடியில் கழகம் கண்டார். சிறுகூடல்பட்டியில் பிறந்த கவிஞர் கண்ணதாசன், திருச்சி கலைக்காவிரிக் குருக்களின் வேண்டுகோளை ஏற்று 'இயேசு காவியம்' பாடினார். அவர் மறைந்த பின் 1982ல் அது வெளிவந்தது. இந்து சமயத்தில் நிலைத்து நின்றே, நம் ஆண்டவரின் கதையை அவர் அன்போடு சொன்னார். அதைக் கைதட்டி வரவேற்ற நாம், கருப்பர் கதையைக் கேட்க மட்டும் அஞ்சியது ஏன்?

எச்சரிக்கை வேண்டாம் என்று சொல்லவில்லை. கதை கேட்பது ஒன்று. அச்சத்தில் வாழ்வது வேறு. குறி கேட்டு அலைவதும், பிள்ளையின் காய்ச்சலுக்குப் பில்லி சூனியம் என்று அண்டை வீட்டுப் பெண்ணைப் பழிப்பதும், மருத்துவரை விட்டு மாந்திரீகரிடம் பணத்தைக் கொட்டுவதும் இன்றும் நம்மவரிடையே உண்டு. இணைச்சட்டம் 18ஆம் அதிகாரம் கண்டிப்பது இவற்றைத்தான். ஒரு கதை முடிந்தபின் நம்மிடம் நேர்மையும் துணிவும் வளர்ந்திருந்தால், அதைக் கேட்டதில் தீங்கில்லை. அயலார்மேல் ஐயமும் அச்சமும் வளர்ந்திருந்தால், புத்தகத்தை மூடிவிடலாம்.

சொன்னபடி அடுத்த ஞாயிறு அச்சிறுவனிடம் நூலைத் திருப்பிக் கொடுத்தோம். "படி. அவர்களை வணங்காதே, ஆனால் அவர்கள் கதையை மறந்துவிடாதே. அம்மாவிடம் நாம் பேசுகிறோம்" என்றோம். வாரத்தின் ஆங்கிலக் கிழமைகளில் வியாழன் தோரின் பெயரால், புதன் ஓடினின் பெயரால், வெள்ளி ஃபிரிக் என்னும் தேவியின் பெயரால் வழங்குவதைச் சொன்னபோது அவன் கண்கள் விரிந்தன. "அப்படியானால் பெரிய வியாழனையும் புனித வெள்ளியையும் ஆங்கிலத்தில் சொன்னால் அவர்கள் பெயரும் வருமே, சாமி!" என்றான். வரத்தான் செய்கிறது. மரம் வெட்டுண்டது, பெயர் ஆண்டவரின் பாடுகளுக்குப் பணிவிடை செய்துகொண்டு நிற்கிறது.

போகும்போது அவன், "எங்கள் அப்பத்தாவுக்கும் இப்படிக் கதை தெரியும்" என்றான். ஒரு குறிப்பேட்டை எடுத்துக் கொடுத்து, அவர் சொல்வதை முதலிலிருந்து கடைசிவரை, குறுக்கே பேசாமல் கேட்டு எழுதிவரச் சொன்னோம். வாசகர் இல்லங்களிலும் அத்தகைய மூதாட்டியர் இருப்பர். அவர்கள் செபமாலை சொல்லி முடிக்கும் வரை காத்திருங்கள். பிறகு அருகில் சென்று அமருங்கள்.