சேதனம்: ஒரு கலைச்சொல்லின் வரலாறு

இலங்கையிலே தமிழ்மொழி மூலம் இரசாயனம் பயிலும் மாணவன், யூரியா என்னும் பொருளைச் சேதனச் சேர்வைகளின் வரிசையில் வைத்துக் கற்கின்றான். அதே யூரியாவை அவனுடைய தந்தை வயலில் இடும்பொழுது அது சேதனப் பசளைக்கு எதிரான இரசாயனப் பசளை எனப்படுகின்றது. வயலிலே 'சேதனம்', 'இரசாயனம்' என்னும் இரு சொற்களும் ஒன்றுக்கொன்று பகை. விரிவுரை மண்டபத்திலோ அவையிரண்டும் இணைந்து ஒரு பாடத்துக்கே பெயராகி நிற்கின்றன. சொல் ஆராய்ச்சியாளர் மட்டும் கவனித்து மகிழ்தற்குரிய முரண்பாடாக இது நெடுங்காலம் இருந்தது. 2021ஆம் ஆண்டிலே அது நாட்டின் நெல் விளைச்சலையே தொட்டது. ஆதலின், அச்சொல் வந்த வழியைச் சற்று விரிவாக நோக்குதல் பொருத்தமாகும்.

மேனாட்டு மொழிகளில் 'ஓகானிக்' என வழங்கும் சொல்லின் வேர் கிரேக்க மொழியில் உள்ளது. 'ஓகனொன்' என்பதற்குக் கருவி என்பது பொருள். பின்னர் அது உடலின் கருவிகளாகிய உறுப்புகளைக் குறித்தது. அதன்பின் உறுப்புகளையுடைய உயிர்ப்பொருள்களுக்கு அடைமொழியாயிற்று. 1675இல் பாரிசில் வெளியான நிக்கலா இலெமறியின் இரசாயன நூல், பொருள்களைக் கனிப்பொருள், தாவரப்பொருள், விலங்குப்பொருள் என மூன்றாகப் பகுத்தது. அம்மூன்றும் நாளடைவில் இரண்டாகச் சுருங்கின. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலே சுவீடன் நாட்டு அறிஞர் பெர்சீலியசு உயிர்ப்பொருள்களின் இரசாயனத்தைத் தனித்துறையாக எழுதத் தொடங்கியதும் இப்பெயர் நிலைபெற்றது. உயிரினங்களிடத்து மட்டும் காணப்படும் சேர்வைகளை ஆய்கூடத்தில் ஆக்கவியலாது, அவற்றை ஆக்குதற்கு உயிர்விசை என ஒன்று வேண்டும் என்பது அக்காலத்துப் பரவலான எண்ணமாகும். வெல்லத்தையும் கொழுப்பையும் பகுத்துப் பார்க்க வல்லவராயிருந்தும் அவற்றைத் திரும்ப ஆக்க வகையறியாத இரசாயனர்க்கு, அவ்வெண்ணம் அன்று அறிவீனமாகத் தோன்றியிராது.

இந்நிலையில் 1828ஆம் ஆண்டு வந்தது. பேர்லின் நகரத் தொழிற்கல்விக்கூடம் ஒன்றில் ஆசிரியராயிருந்த பிரடெரிக்கு வோலருக்கு அப்பொழுது வயது இருபத்தெட்டையும் எட்டவில்லை. அவர் பெர்சீலியசிடம் பயின்றவர். அமோனியஞ் சயனேற்றைப் பெறும் நோக்குடன், வெள்ளிச் சயனேற்றுடன் அமோனியங் குளோரைட்டையும், ஈயச் சயனேற்றுடன் அமோனியாக் கரைசலையும் தாக்கமுறச் செய்து பார்த்தார். கிடைத்த வெண்ணிறப் பளிங்குகளோ சயனேற்றின் குணம் எதனையும் காட்டவில்லை. சிறுநீரிலிருந்து பிரித்தெடுத்த யூரியாவுடன் அவற்றை ஒப்பிட்டபோது இரண்டும் ஒன்றேயென்பது தெளிவாயிற்று. அவ்வாண்டு பெப்புரவரி 22ஆந் திகதி தம் ஆசானுக்கு வரைந்த கடிதத்தில், மனிதனுடையதோ நாயினுடையதோ ஆகிய சிறுநீரகம் எதுவும் தமக்கு வேண்டியதில்லை. யூரியாவை அவையின்றியே ஆக்க வல்லேன் என்னுங் கருத்தை நகைச்சுவை தோன்ற எழுதினார்.

பாடநூல்கள் பல இந்நிகழ்ச்சியை, உயிர்விசைக் கொள்கை ஒரே நாளில் மாண்ட கதையாகச் சொல்வன. உண்மை அத்துணை எளிதன்று. அக்கடிதத்திலேயே வோலர் ஓர் ஐயத்தையும் குறித்திருக்கின்றார். சயனேற்றை ஆக்குதற்கு வேண்டிய சயனைட்டு உப்புகள் அக்காலத்தில் விலங்குகளின் குருதி, கொம்பு, குளம்பு முதலிய கழிவுகளைக் காரத்துடன் சேர்த்துச் சுட்டுப் பெறப்பட்டவை. ஆதலால் உயிரின் தொடர்பு முற்றாக நீங்கிற்றோ என ஒரு தத்துவவாதி வினாவக்கூடும் என்பது அவர் கூற்றின் சாரம். வெற்றிக்களிப்பின் நடுவே தம் சோதனையின் குறையைத் தாமே எடுத்துக்காட்டிய அவ்விளைஞரின் நேர்மை, பிற்காலத்துப் புகழுரைகளை விடப் போற்றத்தக்கது. வோலரின் சோதனையால் உயிர்விசைக் கொள்கை ஒருங்கே வீழ்ந்தது என்பது பின்னோர் புனைந்த கதையென 1944இல் விஞ்ஞான வரலாற்றாசிரியர் தக்கிளசு மக்கி நிறுவினார்.

வோலரும் அவர் காலத்தவரும் அதிகம் வியந்தது வேறொன்றை. அமோனியஞ் சயனேற்றிலும் யூரியாவிலும் உள்ள அணுக்கள் ஒன்றே; அவற்றின் தொகையும் ஒன்றே. ஒரு காபன், ஓர் ஒட்சிசன், இரண்டு நைதரசன், நான்கு ஐதரசன். ஆயினும் ஒன்று உப்பு, மற்றையது சிறுநீர்ப்பொருள். வேறுபாடு அணுக்களின் அடுக்கிலேயே உளது என்னும் எண்ணம் இத்தகைய கண்டுபிடிப்புகளால் வலுப்பெற, 1830இல் பெர்சீலியசு சமபகுதியம் என்னும் கருத்துக்குப் பெயரிட்டார். உயிர்விசைக்கு உரியதாகக் கருதப்பட்ட இடத்திலே அமைப்பு என்பது மெல்ல வந்து அமர்ந்தது.

எஞ்சிய ஐயத்தையும் காலம் தீர்த்தது. 1845இல் எர்மான் கோல்பே, காபனிருசல்பைட்டில் தொடங்கிப் படிப்படியாக அசற்றிக்கமிலத்தை ஆக்கிக் காட்டினார். 1848இல் கிமெலினும், 1861இல் தம் பெருநூலில் கெக்கூலேயும், காபன் சேர்வைகளின் இரசாயனமே இத்துறையென வரையறுத்தனர். இவ்வாறு பெயரின் பொருள் மாறிற்று, பெயர் மாறவில்லை. புதிய வரையறையும் முழுதும் பொருந்தியதன்று. காபனீரொட்சைட்டு, காபனேற்றுகள், சயனைட்டுகள் ஆகியன காபனை உடையனவாயினும் மறுபுறத்திலேயே விடப்பட்டன. வோலரின் சயனேற்றிலும் காபன் உண்டு. கெக்கூலேயின் அளவுகோலைக் கண்டிப்பாகப் பிடிப்பின் வோலர் கடந்ததாகச் சொல்லப்படும் எல்லையே அவ்விடத்தில் இல்லாதொழியும்.

தமிழுக்கு இத்துறை வந்தபோது மேனாட்டிலே பொருள்மாற்றம் முடிந்துவிட்டது. யாழ்ப்பாணத்தில் மருத்துவங் கற்பித்த சாமுவேல் கிறீனின் முயற்சியால் 1875இல் வெளிவந்த நூல் 'கெமிஸ்தம்' எனத் துறைப்பெயரையே ஒலிபெயர்த்துக் கொண்டது. சுதந்திரத்துக்குப் பின்னர் சுயமொழிக் கல்வி உயர்வகுப்புகளை எட்டியபொழுது அரசகரும மொழித் திணைக்களத்தின் கலைச்சொற்றொகுதிகள் எழுந்தன. இலங்கைப் பாடநூல்களில் வேரூன்றியவை 'சேதனம்', 'அசேதனம்' என்னும் சொற்களாம்.

இச்சொற்கள் சைவ மரபினர்க்குப் புதியன அல்ல. சேதனம் என்பது அறிவுடைப் பொருள். சித்தாந்த நூல் வழக்கில் அது ஆன்மாவுக்கு உரியது. மாயையும் அதன் காரியமாகிய உடலும் அசேதனமாகிய சடப்பொருள்களே. அம்மரபின்படி நோக்குமிடத்து, உயிருள்ள உடலினுள் ஊறும் யூரியாவும் அசேதனமேயாகும். கிரேக்கச் சொல் கருவியை மட்டுமே சுட்டியது. தமிழில் ஏறிய சொல்லோ அறிவையே சுட்டுகின்றது. மேனாட்டார் கைவிட்ட உயிர்விசையை, அவர் கருதியதினும் ஒருபடி மேலாக உயர்த்தி, நம் பாடநூல்கள் தலைப்பிலே தாங்கி நிற்கின்றன எனல் மிகையன்று.

தமிழ்நாடு வேறுவழிச் சென்றது. அங்கும் முன்னர் உறுப்பைக் குறிக்கும் 'அங்ககம்' என்னும் சொல் வழங்கியதுண்டு. பின்னர்க் 'கரிம வேதியியல்' நிலைத்தது. சிங்களமும் காபனை அடியாகக் கொண்டு 'காபனிக' எனவே வழங்குகின்றது. கெக்கூலேயின் வரையறைக்கு இவ்விரண்டும் அண்மையன. எனினும் கரியுடைய சோடியங் காபனேற்றைக் கனிமம் எனக் கற்பிக்கும்போது தமிழ்நாட்டு ஆசிரியரும் சற்றுத் தயங்கவே நேரும். குறையற்ற சொல் எவரிடத்தும் இல்லை.

வயலுக்கு இச்சொல் வந்த கதை வேறு. வோலரின் நண்பராகிய இலீபிக்கு, 1840இல் சேதன இரசாயனத்தை விவசாயத்துக்குப் பயன்படுத்துவது பற்றிய தம் நூலை வெளியிட்டார். தாவரங்கள் மண்ணின் உக்கலை உண்டே வளர்கின்றன என்னும் பழங்கொள்கையை மறுத்து, அவை மண்ணிலிருந்து கொள்வன கனியுப்புகளே என அவர் அதில் வாதித்தார். செயற்கைப் பசளைக்கு வழிதிறந்த நூலின் தலைப்பிலேயே 'சேதன' என்னும் அடைமொழி இருந்தமை வரலாற்றின் விளையாட்டுகளுள் ஒன்று. அதற்கு எதிரான இயக்கமும் அதே சொல்லைப் பற்றிக்கொண்டது. 1940இல் இங்கிலாந்தில் நோத்புறூக் பிரபுவின் பெயரோடு குழப்பப்படாத வேறொருவராகிய நோத்போண் பிரபு, பண்ணை முழுவதையும் ஓர் உயிருடலாகக் கருதவேண்டும் என எழுதினார். அவர் குறித்தது உறுப்புகள் இயைந்த முழுமையை, காபனையன்று. தமிழ்நாட்டிலே இப்பொருளுக்கு 'இயற்கை' என்னும் வேறுசொல் பரவிற்று. இந்தி மொழியும் ஆய்கூடத்துக்கு ஒன்று, வயலுக்கு ஒன்று எனப் பிரித்துக்கொண்டது. இலங்கைத் தமிழில் இரண்டுக்கும் சேதனமே நின்றது.

மண்ணோ இப்பாகுபாட்டை அறியாது. தொழிற்சாலையில் அமோனியாவையும் காபனீரொட்சைட்டையும் உயர் அமுக்கத்தில் இணைத்துப் பெறும் யூரியாவும், மாட்டின் சிறுநீரிலுள்ள யூரியாவும் மூலக்கூற்றளவில் ஒன்றே. மண்ணிலுள்ள நுண்ணுயிர்களின் நொதியம் இரண்டையும் ஒரேவகையாகச் சிதைத்து அமோனியாவாக்கும். அதன்பின் நைத்திரேற்று உண்டாகும். வேர்கள் பெரும்பாலும் உறிஞ்சுவன அத்தகைய அசேதன அயன்களையே. ஆயினும் கூட்டெருவும் யூரியாவும் வயலுக்கு ஒன்றேயெனக் கொள்ளுதல் தவறாகும். கூட்டெரு மண்ணின் கட்டமைப்பையும் ஈரந்தாங்கும் ஆற்றலையும் வளர்க்கும். யூரியா அதனைச் செய்யாது. மறுபுறத்தில் யூரியாவின் நிறையில் 46 சதவீதம் நைதரசனாக இருக்க, கூட்டெருவில் அது மிகச் சிறிதளவே. வேறுபாடு மெய்யானது, 'சேதனம்' என்னும் பெயர்தான் அவ்வேறுபாட்டை விளக்காதது.

2021ஆம் ஆண்டு மே மாதத்தில் இரசாயனப் பசளை இறக்குமதியை இலங்கை அரசு தடைசெய்து, நாடு முழுவதும் சேதனப் பசளைக்கு மாறவேண்டும் என அறிவித்தபொழுது, தடையுண்ட பொருள்களுள் முதன்மையானது யூரியா. கூட்டெரு அத்தேவைக்கு ஈடாக ஒருசில மாதங்களில் திரளவில்லை. ஒக்டோபரில் நனோ நைதரசன் என்னும் திரவப் பசளை இந்தியாவிலிருந்து விமானமூலம் தருவிக்கப்பட்டது. அதன் அடிப்படையும் யூரியாவே. நவம்பர் இறுதியில் தடை தளர்ந்தது. அதற்குள் பெரும்போக விதைப்பு நடந்துகொண்டிருந்தது; 2021/22 பெரும்போகத்தின் நெல் அறுவடை பெரிதும் வீழ்ந்து, அரிசி கடல்கடந்து வரவேண்டியதாயிற்று. அவ்வாண்டிலும் உயர்தர வகுப்புகளில் வோலரின் சோதனை வழமைபோலவே சேதன இரசாயனத்தின் முதற்பாடமாகக் கற்பிக்கப்பட்டது.