மேடைக்கு வந்த கரவெட்டிப் பேச்சு

நெல்லியடிக்குப் பக்கத்துக் கரவெட்டியில் 1932இல் பிறந்தவர் கார்த்திகேசு சிவத்தம்பி. அவரைப் பேராசிரியர், ஆய்வாளர் என்றே எழுதிப் பழகிவிட்டோம். என் கணிப்பில் அவர் முதலில் மேடைக்காரர். இலங்கையர்கோனின் ‘விதானையார் வீட்டில்’ வானொலி நாடகத்தில் நடித்தவர். நாடாளுமன்றத்தில் உடனடி மொழிபெயர்ப்பாளராக இருந்தவர். புத்தகம் எட்டாத இடத்துக்குப் பேச்சு எட்டும் என்பதை இந்த இரண்டு தொழிலும் கற்றுக்கொடுத்திருக்கும்.

ஈழத்து இலக்கியத்தில் அறுபதுகளில் நடந்த மரபுப் போராட்டத்தில் அதன் பலன் தெரிந்தது. எழுத்தாளர்கள் டானியலும் டொமினிக் ஜீவாவும் தம் கதைகளில் எழுதிய மனிதர்களின் பேச்சைப் பண்டிதர்கள் ‘இழிசனர் வழக்கு’ என்று தள்ளினார்கள். விமர்சகர் கைலாசபதியும் சிவத்தம்பியும் எதிரணியில் நின்றார்கள். இலக்கணச் சண்டையாகத் தொடங்கியதைச் சாதிச் சண்டையாக அடையாளம் காட்டியதுதான் இவர்கள் செய்த பெரிய காரியம். கிணற்றிலும் கோயிலிலும் விலக்கப்பட்டவன் கதையிலும் விலக்கப்படுவதா என்பதே கேள்வி. 1963 சாகித்திய விழாவில் கூழ்முட்டை பறந்ததை வீரமாகச் சொல்வோர் இன்னும் உண்டு; வாதத்தில் வென்றுகொண்டிருந்தவர்களின் பக்கத்துக்கு அது வெட்கக்கேடு.

மார்க்சியர்களான இவர்கள் இருவரும் கட்சிக் கண்ணாடியால் கலையைப் பார்த்தார்கள் என்ற குற்றச்சாட்டை எழுத்தாளர்கள் எஸ்.பொ.வும் மு. தளையசிங்கமும் ஓங்கிச் சொன்னார்கள். அதில் உண்மை இல்லாமலில்லை. சில நல்ல எழுத்தாளர்களுக்கு உரிய இடம் அப்போது மறுக்கப்பட்டது. ஆனால் சிவத்தம்பியின் மார்க்சியம் அவர் ரசனையைக் குறுக்கிவிட்டது என்பதை ஏற்க முடியாது. பர்மிங்ஹாமில் அவருக்கு வழிகாட்டியவர் ஜோர்ஜ் தொம்சன். ஏதென்ஸ் நாடகத்தின் வேரைச் சமூகச் சடங்குகளில் தேடிய மார்க்சியர். அங்கே 1970இல் முடித்த ஆய்வில் சிவத்தம்பி எடுத்துக்கொண்டது பண்டைத் தமிழ்ச் சமூகத்தின் நாடகம். சு. வித்தியானந்தன் பேராதனையில் ‘கர்ணன் போர்’, ‘இராவணேசன்’ என்று கூத்தை மேடையேற்றிய காலத்தில் அவரோடு நின்றவரும் இவரே. ஊர்க்கோயில் வெளியில் விடியவிடிய ஆடுவதைப் படித்த யாழ்ப்பாணம் பாமரர் பொழுதுபோக்கு என்று ஒதுக்கியிருந்தது. கிரேக்க நாடகத்தோடு ஒப்பிட்டுப் பேசத்தக்க கலையாக அதை மதிக்கச் சிவத்தம்பிக்குக் கண் கொடுத்ததே அந்த மார்க்சியம்தான். பண்டிதர்கள் காத்ததாகச் சொன்ன மரபைவிடப் பழைய மரபு அது.