அறத்தின் பெயரால் ஒரு பந்தாட்டம்

சித்தூரிலும் திருப்பதியிலும் நம் வீட்டுப் பிள்ளைகளுக்குக் கிரிக்கெட் தவிர வேறு ஆட்டம் கண்ணில் படுவது குறைவு. ஆகவே கிரிக்கெட்டிலிருந்தே தொடங்குகிறேன். ரஞ்சிக் கோப்பை வென்ற அணியும் மற்ற மாநில வீரர்கள் சேர்ந்த அணியும் மோதுவது இரானி கோப்பை. இங்கிலாந்துக் கால்பந்தில் இதற்கு அண்ணன் முறையான ஆட்டம் ஒன்று உண்டு. லீக் வென்றவரும் எஃப்.ஏ. கோப்பை வென்றவரும் மோதும் அந்த ஆட்டத்திற்கு ‘சேரிட்டி ஷீல்டு’ என்று பெயர். அதாவது தருமக் கேடயம்.

1898இல் லண்டன் ஷெரிஃப் தாமஸ் டியூவர் அளித்த கேடயம்தான் இதற்கு மூலம். அதில் சம்பளம் வாங்கும் அணியும் வாங்காத அணியும் மோதின. வசூல் தருமத்துக்குப் போனது. 1908இல் கால்பந்துச் சங்கமே புதுக் கேடயம் வைத்தது. முதல் ஆட்டத்தில் மான்செஸ்டர் யுனைடெட்டும் குயின்ஸ் பார்க் ரேஞ்சர்ஸும் 1-1 எனச் சமன். மறு ஆட்டத்தில் யுனைடெட் 4-0. லீக் வெற்றியாளரும் கோப்பை வெற்றியாளரும் முதன்முறை எதிரெதிரே நின்றது 1921இல்தான். கோப்பை வென்ற டாட்டன்ஹாம், லீக் வென்ற பர்ன்லியை 2-0 என வீழ்த்தியது.

ஆனால் ஊர் உலகம் மறக்காத ஆட்டம் 1974 ஆகஸ்ட் 10ஆம் தேதியுடையது. அந்த ஆண்டுதான் இது வெம்ப்ளி மைதானத்துக்கு வந்தது. லீக் வென்ற லீட்ஸ் ஒரு பக்கம், கோப்பை வென்ற லிவர்பூல் மறுபக்கம். பதவி விலகல் அறிவித்திருந்த பில் ஷாங்க்லி கடைசியாகத் தம் பிள்ளைகளை அழைத்து வந்தார். எதிரணிக்குப் புது மேலாளர் பிரையன் கிளஃப். முன்பெல்லாம் அதே லீட்ஸை வாய்க்கு வந்தபடி திட்டியவர்! (44 நாளில் வேலை போச்சு.)

தருமத்துக்கு ஆடுகிற ஆட்டம்தானே, சும்மா சிரித்துக்கொண்டே ஆடியிருப்பார்கள் என்று நினைக்கிறீர்களா? இரண்டாம் பாதியில் லிவர்பூலின் கெவின் கீகனும் லீட்ஸ் தலைவர் பில்லி பிரெம்னரும் கைகலந்தார்கள். நடுவர் இருவரையும் வெளியேற்றினார். போகிற போக்கில் இருவரும் சட்டையைக் கழற்றி வீசிவிட்டுப் போனார்கள். ஆளுக்கு 11 ஆட்டம் தடை; 500 பவுன் அபராதம் வேறு. சட்டையைக் கழற்றியதற்கு இவ்வளவா என்று சிலர் கேட்பதுண்டு. சின்னப் பையன்கள் தொலைக்காட்சியில் பார்க்கும்போது நாயகர்கள் தெருச்சண்டை போட்டால் சங்கம் வேறென்ன செய்யும்? தண்டனை நியாயம்தான் என்பேன்.

ஆட்டம் 1-1 என முடிந்து பெனால்டிக்குப் போனது. முதல் ஐந்தும் இரு தரப்பிலும் கோல். ஆறாவதை லீட்ஸ் கோல்கீப்பர் ஹார்வியே அடிக்க வந்து தவறவிட்டார். காலகன் அடித்தார், லிவர்பூல் 6-5.

எனக்கு இதைவிடப் பெரிதாகப் படுவது பின்னால் நடந்த சங்கதி. டிக்கெட் பணத்தில் எவ்வளவு தருமத்துக்குப் போகிறது என்பதைச் சட்டப்படி தெரிவிக்கவில்லை என்று அறநிலையக் கண்காணிப்பு ஆணையம் குறை கண்டது. 2002இல் பெயரே ‘கம்யூனிட்டி ஷீல்டு’ என்று மாறிவிட்டது. பெயரில் என்ன இருக்கிறது என்று விட்டுவிட எனக்கு மனமில்லை. திருப்பதிக்காரர்களுக்குப் பரகாமணி தெரியும். உண்டியலில் விழும் காசு எண்ணப்படுகிறது என்ற நம்பிக்கையில்தான் பக்தன் போடுகிறான். நம் பக்கத்திலும் நிவாரண நிதி என்று டிக்கெட் விற்றுவிட்டு, கணக்கு மட்டும் ஒட்டாத விழாக்களை நானே பார்த்திருக்கிறேன்.

புதுப் பெயரில் முதல் ஆட்டம் 2002இல் கார்டிஃபில் நடந்தது. ஆர்சனல் லிவர்பூலை 1-0 என வென்றது. அதன்பின் வசூலை எஃப்.ஏ. கோப்பையின் முதல் சுற்றிலிருந்து ஆடும் 124 அணிகளுக்குப் பிரித்துத் தரும் ஏற்பாடு வந்தது. அவை தத்தம் ஊர் நற்பணிகளுக்குச் செலவிடுகின்றன.