மதுரமும் கிந்தனும்: ஒரு திரை இணையின் வரலாறு



நினைவுப் பேருரை மேடையில் ஒரு சினிமா ஜோடியைப் பற்றிப் பேசுவது சிலருக்கு உறுத்தலாக இருக்கும். நம் மன்றங்களில் சினிமா என்றால் எதிர்த்து எழுதும் பொருள். இழிவுபடுத்தும் காட்சிகளைப் பட்டியலிட்டுக் கண்டிக்கும் பொருள். அந்த வேலை முடிந்துவிடவில்லை. ஆனால் கண்டனம் மட்டும் வரலாறு ஆகிவிடாது. அடித்தட்டு மக்கள் அரையணா, ஓரணா கொடுத்துத் தரையில் உட்கார்ந்து பார்த்த ஒரு கலை, அவர்களுக்கு எதைக் கொடுத்தது, எதைக் கொடுக்க மறுத்தது என்று கணக்குப் பார்க்கவும் வேண்டும். அப்படிப் பார்க்க நாம் எடுத்துக்கொண்டிருப்பது என்.எஸ்.கிருஷ்ணன், டி.ஏ.மதுரம் இணையை.

தமிழ் சினிமாவில் ஜோடிகளுக்குப் பஞ்சமில்லை. சிவாஜி–பத்மினி, எம்.ஜி.ஆர்.–சரோஜாதேவி என்று ஒவ்வொரு தலைமுறைக்கும் ஒரு ஜோடி உண்டு. அவை கதாநாயக ஜோடிகள். கதையின் செல்வமும் குலமும் கற்பும் அவர்கள் தோளில் இருக்கும். என்.எஸ்.கே.–மதுரம் அவர்களுக்குக் கீழே, கதையின் தாழ்வாரத்தில் நின்ற ஜோடி. ராஜா ராணி கதை என்றாலும் பக்திக் கதை என்றாலும் வேலைக்காரன், வேலைக்காரி, தெருவில் பிழைப்பவர்கள் என்ற இடம்தான் இவர்களுக்கு. கைவேலை செய்து வாழும் சனங்களின் சாயலைத் திரையில் தாங்கியவர்கள் பெரும்பாலும் இவர்களே.

இந்த இடம் சினிமா கண்டுபிடித்ததல்ல. தெருக்கூத்தில் ராஜா வருவதற்கு முன்பே கட்டியக்காரன் வந்துவிடுவான். ஸ்பெஷல் நாடகத்தில் வள்ளியும் முருகனும் வருவதற்கு முன்பு பபூனும் டான்ஸ்காரியும் வந்து தர்க்கம் செய்வார்கள். விடிய விடிய நடக்கும் கூத்தில் பார்வையாளர் பேசும் மொழியில் பேசுகிறவர்கள் இவர்கள்தான். நாகர்கோவில் ஒழுகினசேரியில் 1908ஆம் ஆண்டு பிறந்து, வறுமையில் வளர்ந்து, வில்லுப்பாட்டிலும் டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் கம்பெனியிலும் தொழில் பழகிய கிருஷ்ணன் இந்த மரபைத் தோளில் தூக்கிக்கொண்டு சினிமாவுக்கு வந்தவர். மதுரம் திருச்சிப் பக்கத்திலிருந்து வந்தவர். 1935இல் வந்த 'ரத்னாவளி'யில் ஏற்கெனவே நடித்திருந்தவர். 1936இல் வெளிவந்த 'வசந்தசேனா' படத்துக்காகப் புனே போன பயணத்தில் இருவரும் சந்தித்தார்கள், பிறகு மணந்துகொண்டார்கள்.

அதற்குப் பிறகு நடந்தது சினிமாத் தொழிலில் புதுமை. படத்தின் நகைச்சுவைப் பகுதியை என்.எஸ்.கே. தன் சொந்தக் குழுவை வைத்துத் தானே எழுதி, தானே அமைத்துக் கொடுப்பார். மூலக்கதையின் இயக்குநருக்கு அதில் பெரிய வேலை இருக்காது. இதனால்தான் ஒரு புராணப் படத்தின் நடுவே புராணத்தையே கேலி செய்யும் பத்து நிமிடம் இருக்க முடிந்தது. முதலாளி பக்திப் படத்துக்குப் பணம் போட்டார். அதற்குள்ளேயே பகுத்தறிவும் விற்றது. 'கண்ணகி', 'ஹரிதாஸ்' போன்ற வெற்றிப் படங்களில் இந்த இணை இருந்தது. ஹரிதாஸ் சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளிகளைக் கண்டது என்பதைச் சினிமா வரலாறு பேசுகிறவர்கள் பாகவதரின் கணக்கில் மட்டும் எழுதிவிடுகிறார்கள்.

இந்த ஜோடியின் உள்ளடக்கம் என்ன? தர்க்கம். அவர் ஒன்று சொல்வார், அம்மையார் மடக்குவார். அந்தக் காலத்துக் கதாநாயகிகள் அழுதுகொண்டிருந்தபோது மதுரம் எதிர்ப்பேச்சுப் பேசினார். கணவன் முட்டாள்தனமாக நடந்தால் முட்டாள் என்றே சொல்லும் மனைவி அவர். ஆணும் பெண்ணும் சமமாக நின்று வாதாடும் காட்சியைத் தமிழ்த் திரை முதலில் உயர்குடி வீட்டுக்குள் காட்டவில்லை, வேலைக்காரர்களின் கொல்லைப்புறத்தில்தான் காட்டியது. இது நமக்கு வியப்பில்லை. உழைத்துச் சாப்பிடும் வீடுகளில் பெண்கள் வாயை மூடிக்கொண்டு இருப்பதில்லை.

1941இல் வந்த 'ஆரியமாலா'வை இங்கே நினைத்துக்கொள்ளலாம். அது காத்தவராயன் கதை. பார்ப்பனப் பெண்ணைக் காதலித்ததற்காகக் கழுவேறியவன் காத்தவராயன். நம் ஊர்களில் இன்றும் சாமியாக நிற்கிறான். ஆனால் கதைப்பாடலே அவனை வெறும் மனிதனாக விடவில்லை. சிவனின் சாபம் பெற்ற பிள்ளை என்று ஒரு பிறப்பு ஒட்டவைத்தது. காதலிக்கும் தகுதி அவனுக்கு அப்படித்தான் கிடைத்தது. பி.யு.சின்னப்பா அந்த வேடத்தில் பாடினார். தெய்வப் பிறப்பு இல்லாத சாதாரணக் காதலுக்கு அதே படத்தில் என்.எஸ்.கே.–மதுரம் தேவைப்பட்டார்கள்.

இனி மதுரத்தைத் தனியாகப் பேச வேண்டும். 1944 நவம்பரில் பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் சென்னை வேப்பேரியில் குத்தப்பட்டு இறந்தார். டிசம்பரில் தியாகராஜ பாகவதரும் என்.எஸ்.கிருஷ்ணனும் கைதானார்கள். 1945இல் ஆயுள் தண்டனை. லண்டன் பிரிவி கவுன்சில் வரை வழக்குப் போய், மறுவிசாரணை நடந்து, 1947 ஏப்ரலில் இருவரும் விடுதலையானார்கள். இதெல்லாம் பலமுறை எழுதப்பட்டுவிட்டது. அந்த ஆண்டுகளில் ஒரு நாடகக் கம்பெனியின் அடுப்பு எப்படி எரிந்தது என்பதை மட்டும் இரண்டு வரியில் கடந்துவிடுவார்கள்.

ஜோடியில் ஒருவர் சிறையில். மிச்சமிருந்தவர் கம்பெனியைக் கலைக்கவில்லை. எஸ்.வி.சகஸ்ரநாமத்தைத் துணைக்கு வைத்துக்கொண்டு என்.எஸ்.கே. நாடக சபாவை நடத்தினார். வழக்குச் செலவையும் பார்த்தார். சபா நடத்திய 'பைத்தியக்காரன்' நாடகத்தையே கிருஷ்ணன்–பஞ்சு இயக்கத்தில் படமாக எடுத்தார்கள். விடுதலையாகி வந்த கிருஷ்ணனும் அந்தப் படத்தில் சேர்ந்துகொண்டார். மதுரம் அதில் இரட்டை வேடம். சிறையிலிருந்து வந்த கணவனுக்குத் திரையில் இணை வேண்டுமென்றால் அவரே இன்னொரு முறை நடிக்க வேண்டியிருந்தது! ஜோடி என்று நாம் சொல்வதில் யார் யாரைத் தாங்கினார்கள் என்பதற்கு இதைவிடச் சான்று தேவையில்லை. கலைவாணர் என்ற பட்டம் அவருக்கு வந்தது. மதுரத்துக்கு அப்படி ஒன்று நிலைக்கவில்லை.

விடுதலைக்குப் பின் 1949இல் வந்தது 'நல்லதம்பி'. அண்ணாதுரை எழுதி, கிருஷ்ணன்–பஞ்சு இயக்கி, என்.எஸ்.கே.யும் மதுரமும் பானுமதியும் நடித்த படம். என்.எஸ்.கே. மேடைகளில் நிகழ்த்திப் புகழ்பெற்ற 'கிந்தனார்' காலட்சேபம் அதில் இடம்பெற்றது. உடுமலை நாராயணகவியின் கைவண்ணம் அதில் உண்டு. நம் உரையின் நடுப்புள்ளி இதுதான்.

கிந்தன் யார்? நந்தனின் எதிரொலி. பெரியபுராணத்தில் ஆதனூர்ப் புலையர் திருநாளைப்போவார் தில்லையில் தீயில் புகுந்துதான் கோயிலுக்குள் போகிறார். பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதி அதை நந்தனார் சரித்திரமாகப் பாடியபோது, சேக்கிழாரிடம் இல்லாத ஒரு வேதியரை நுழைத்தார். நாற்பது வேலி நிலத்தை வேலை முடித்துவிட்டு சிதம்பரம் போ என்று சொன்னார் அந்த ஆண்டை. விவசாயக் கூலி முறை அந்தக் கீர்த்தனைக்குள் அப்பட்டமாக இருக்கிறது; பக்தி அதை மெழுகிவிட்டது. 1935இல் கே.பி.சுந்தராம்பாள் நந்தனாராக நடித்தார். அதற்கு அவர் பெற்ற ஒரு லட்ச ரூபாய் அன்று நாடே பேசிய தொகை. 1942இல் ஜெமினி நிறுவனம் தண்டபாணி தேசிகரை வைத்து மறுபடி எடுத்தது. ஏழே ஆண்டுகளுக்குள் இரண்டாவது முறையாக நந்தன் திரையில் எரிந்தான்.

என்.எஸ்.கே. என்ன செய்தார்? பாகவதர்கள் காலட்சேபம் செய்யும் அதே வடிவத்தை, அதே சிப்ளாக்கட்டையை எடுத்துக்கொண்டார். கிந்தன் சேரிப் பிள்ளை. சிதம்பரம் போக அவனுக்கு ஆசையில்லை, படிக்க ஆசை. ஊர் வாத்தியார் விரட்டுகிறார். கிந்தன் தீயில் இறங்கவில்லை, ரயிலேறுகிறான். பட்டணம் போய்ப் படித்து, பள்ளிக்கூட இன்ஸ்பெக்டராகத் திரும்பி வருகிறான். நந்தன் கதையில் நெருப்பு இருந்த இடத்தில் இங்கே ரயில் இருக்கிறது. சாதி பார்த்து ஏற்றாத வண்டி என்பது அன்று எவ்வளவு பெரிய செய்தி என்பதை வில்வண்டி ஏறியதற்காக அடிபட்ட மக்களிடம் விளக்க வேண்டியதில்லை.

இந்த இடத்தில்தான் நாம் கணக்கைச் சரியாக எழுத வேண்டும். நந்தனைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பியவர் கலைவாணர் என்று மேடைகளில் சொல்கிறார்கள். அவர் செய்தது பெரிது, மறுக்கவில்லை. ஆனால் நந்தன் பெயரில் சுவர் எழுப்பிப் பள்ளிக்கூடமே கட்டியவர் சுவாமி சகஜானந்தர். 1916இல், அதே சிதம்பரத்தில், நந்தன் எரிந்ததாகச் சொல்லப்படும் ஊரில், ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்காக நந்தனார் கல்விக்கழகத்தைத் தொடங்கினார். கிந்தன் திரையில் ரயிலேறியபோது அந்தப் பள்ளிக்கு வயது முப்பத்து மூன்று. அதற்கும் முன்பு அயோத்திதாசர், நந்தன் பக்தனல்ல, பௌத்த அரசன் என்று எழுதி, கீர்த்தனையின் அடித்தளத்தையே கேள்விக்குள்ளாக்கினார். நந்தனைத் தீயிலிருந்து மீட்கும் வேலை எங்கே தொடங்கியது என்பதற்கு ஆவணம் நம்மிடம் இருக்கிறது.

இன்னொன்றும் உண்டு. கிருஷ்ணன் பிறந்த நாகர்கோவில் அன்று திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. அந்த சமஸ்தானத்தில்தான் அய்யங்காளி வில்வண்டியில் ஏறிப் பொதுச்சாலையில் போனார். எங்கள் பிள்ளைகளைப் பள்ளியில் சேர்க்காவிட்டால் உங்கள் வயலில் இறங்கமாட்டோம் என்று புலையர்களை வேலைநிறுத்தம் செய்யவைத்தார். ஊரூட்டம்பலத்தில் பஞ்சமி என்ற சிறுமியின் கையைப் பிடித்து அழைத்துக்கொண்டு பள்ளிக்குள் போனார். ஆதிக்க சாதியினர் அந்தப் பள்ளிக்கூடத்தையே கொளுத்தினார்கள். நந்தனுக்கு வைத்த தீ அங்கே கட்டடத்துக்கு வைக்கப்பட்டது. கிருஷ்ணன் சிறுபிள்ளையாக இருந்த காலத்தில், அவர் வாழ்ந்த அதே அரசில் நடந்தது இது.

காலட்சேபத்தில் வாத்தியார் விரட்டுகிறார், பட்டணம் படிக்கவைக்கிறது. ஊரூட்டம்பலத்தில் விரட்டியது ஒரு வாத்தியார் மட்டுமல்ல, ஊரே. படிக்கவைக்கப் போராடியது நம் மக்களின் சங்கம். கிந்தன் தனியாக ரயிலேறினான். பஞ்சமிக்காக ஆயிரக்கணக்கானோர் கதிர் அரிவாளைக் கீழே வைத்தார்கள். தனிமனித முன்னேற்றமாகக் கதையைச் சுருக்கினால் சிரிக்கவைக்கலாம், கைதட்டும் வாங்கலாம். வேலைநிறுத்தத்தைக் காலட்சேபத்தில் பாடுவது கடினம்தான். தவிர, நிஜத்தில் பள்ளிக்குப் போனவள் சிறுமி, மேடையில் போனவன் சிறுவன். எதிர்ப்பேச்சுக்கென்றே பிறந்த மதுரம் அந்தக் குழுவிலேயே இருந்தும், பள்ளிக்குப் போகும் சேரிப் பெண் ஒருத்தி தமிழ்த் திரைக்கு அன்று வரவில்லை.

1957 ஆகஸ்டில் கிருஷ்ணன் இறந்தார். மதுரம் 1974 வரை வாழ்ந்தார். அவர்கள் விட்டுச்சென்ற இடம் காலியாக இருக்கவில்லை. தங்கவேலு–சரோஜா, நாகேஷ்–மனோரமா என்று சில காலம் ஆணும் பெண்ணுமாகத் தொடர்ந்தது. மனோரமா மதுரத்தின் வாயை விடாமல் வைத்திருந்தார் என்று சொல்லலாம். 1980களில் அது இரண்டு ஆண்களின் ஜோடியாக மாறியது. கவுண்டமணி–செந்தில். 'வைதேகி காத்திருந்தாள்' (1984) படத்தின் பெட்ரோமாக்ஸ் விளக்கையும் 'கரகாட்டக்காரன்' (1989) படத்தின் வாழைப்பழத்தையும் தெரியாத தமிழர் இல்லை; நாமும் சிரித்தவர்களே. கவுண்டமணியின் வாய் பல சமயம் ஊர்ப் பெரியமனிதர்களின் பகட்டைக் கிழித்தது என்பதும் உண்மை. ஆனால் ஜோடிக்குள் தர்க்கம் இருந்த இடத்தில் உதை வந்தது. சமமாக நின்று வாதாடிய இருவருக்குப் பதில், அடிக்கிறவர் ஒருவர், அடிவாங்குகிறவர் ஒருவர். நிறத்தையும் தலையையும் உடம்பையும் சொல்லித் திட்டுவது வசனமாயிற்று.

அந்தத் திட்டுகள் தியேட்டரோடு நிற்கவில்லை. திங்கட்கிழமை காலை அவை பள்ளிக்கு வந்தன. கடைசிப் பெஞ்சில் உட்காரவைக்கப்பட்ட, கறுப்பான பிள்ளைகளின் பெயர்களாக மாறின. இந்த அரங்கில் இருக்கும் மாணவர்களில் சிலருக்கு அந்தப் பெயர்கள் இன்னும் நினைவிருக்கும். கிந்தன் ரயிலேறிப் போய்ப் படித்து, இன்ஸ்பெக்டராகத் திரும்பி வந்து நுழைந்ததும் அப்படியொரு வகுப்பறைக்குள்தான்.