கோடு போட்ட இனிப்பு

சின்னமனூர் என்றதும் வரலாறு படித்தவர்களுக்குப் பாண்டியர் செப்பேடுகள் நினைவுக்கு வரும். நிலக்கொடையை அவை பேசும். அந்த ஊரைச் சுற்றி முல்லைப் பெரியாற்றுத் தண்ணீரில் விளையும் கரும்பு எந்த வடிவில் வெல்லமாகிறது, ஏன் அப்படி என்று யாரும் செம்பில் பொறித்து வைக்கவில்லை. அதற்கு வெல்லமேதான் சான்று. கொப்பரையில் பாகு இறுகும் நேரத்தில் கையால் உருட்டிப் பிடிப்பது மண்டை வெல்லம். பிடித்த விரல்களின் தடம்கூட அதன்மேல் தெரியும். குழி வெட்டிய மரப்பலகையில் ஊற்றி எடுப்பது அச்சு வெல்லம். இரண்டிலும் உடைப்பதற்கென்று கோடு கிடையாது. மண்டை வெல்லம் எடைக்கு விற்கும் சரக்கு. பொங்கலுக்கு எவ்வளவு, பணியாரத்துக்கு எவ்வளவு என்று பார்த்து அம்மியில் தட்டிக்கொள்வது வீட்டுக்காரர் பாடு. அச்சு வெல்லமோ முன்பே சிறு துண்டு. தராசு இல்லாமல் எண்ணிக்கையில் விற்கவும் பங்கிடவும் வேண்டியபோதுதான் இனிப்பின் மேல் கோடு வந்தது என்பது என் வாதம்.

இதற்குக் கோவில்பட்டி கடலை மிட்டாயைப் பார்க்க வேண்டும். சின்னமனூர் இருக்கும் தேனி வட்டாரத்தின் வெல்லமும் அதற்குள் போகிறது. முன்பு கருப்பட்டியில் செய்துவந்த இந்தப் பண்டத்தை 1940களில் கரும்பு வெல்லத்தில் செய்யத் தொடங்கியவர் பொன்னம்பல நாடார். செய்த இடம் அவருடைய மளிகைக் கடை. மளிகைக் கடை என்பது இங்கே முக்கியம். சில்லறைக் காசோடு வரும் பிள்ளைக்கு ஒவ்வொரு முறையும் நிறுத்துக் கொடுக்க முடியாது. பாகும் கடலையும் கலந்து பலகையில் கொட்டி, உருளையால் தேய்த்துச் சமமாக்கி, சூடு ஆறுமுன் கத்தியால் கோடு போட்டுவிட்டால் தடிமனும் ஒன்று, அகலமும் ஒன்று. நிறுக்கும் வேலை அந்தப் பலகையிலேயே முடிந்துவிடுகிறது. 2020இல் புவிசார் குறியீடு பெற்ற இந்த மிட்டாய் இன்றும் தனித் துண்டாகவும் முழுப் பாளமாகவும் விற்பனைக்கு வருகிறது.

ஆறினால் வெட்ட முடியாது, அதனால்தான் சூட்டில் வெட்டுகிறார்கள், இதில் வியாபாரம் எங்கே வந்தது என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. தண்ணீரில் விட்டால் இறுகி, தட்டில் போட்டால் ஓசை எழுப்பும் பதத்துக்குக் காய்ந்த பாகு ஆறியதும் கண்ணாடிபோல ஆகிவிடும். தட்டினால் விரிசல் தன் போக்கில் ஓடும். ஆனால் பதம் சொல்வது எப்போது வெட்டுவது என்பதை மட்டும்தான். துண்டு எவ்வளவு பெரிது என்பதைக் காசுதான் சொல்ல முடியும்.

சாக்லேட்டிலும் இதே வழக்கு உண்டு. பிரிஸ்டல் நகரில் ஃப்ரை நிறுவனம் 1847இல் அச்சில் வார்த்த சாக்லேட் பாளத்தை விற்கத் தொடங்கியது. சாக்லேட் பாளத்தில் கோடாகப் பள்ளம் விழுந்த இடம் மெலிந்திருப்பதால் வளைக்கும் விசை அங்கே குவிந்து, அந்த வரியிலேயே முறியும். இது பொறியியல், மறுக்க ஒன்றுமில்லை. ஆனால் 2016இல் பிரிட்டனில் டோப்ளரோன் என்ற சாக்லேட் பாளத்தின் முக்கோணங்களுக்கு நடுவே இடைவெளியை அகலமாக்கி, 400 கிராம் பாளத்தை 360 கிராமாகக் குறைத்தார்கள். உடைப்பதற்கு அதனால் ஒரு வசதியும் கூடவில்லை, எடைதான் குறைந்தது. மக்கள் கொதித்தார்கள், 2018இல் பழைய வடிவம் திரும்பியது. கோட்டை அளவாகவே அவர்கள் படித்திருந்தார்கள் என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

கடலை மிட்டாயில் அந்தச் சாட்சி இன்னும் சிறிதாக, கண்ணெதிரே இருக்கிறது. வெட்டு விழுந்த ஓரத்தைப் பார்த்தால் சில பருப்புகள் பாதியாக நறுக்கப்பட்டு வெள்ளை உள்பக்கம் தெரியும். விரிசலை அதன் போக்கில் விட்டால் பருப்பைச் சுற்றி வளைந்துதான் போகும். ஒருவருக்குக் கடலை கூடும், மற்றவருக்கு வெறும் பாகு மிஞ்சும். அப்படி ஆகாமலிருக்கவே கத்தி பருப்பையும் சேர்த்து அறுத்திருக்கிறது.